பசியிலிருந்து பந்திவரை: நகைச்சுவை நடிகை ஆவே நின்கி

திரைப்பட வரலாறு பெரும்பாலும் கதாநாயகர்களினதும் கதாநாயகிகளினதும் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. பிற்காலத்தில் நெறியாளர்கள் அதில் இடம்பிடித்தார்கள். ஆனால், நாயகனின் மனைவியாக, மாமியாக, வீட்டுப் பணிப்பெண்ணாகச் சில நிமிடங்கள் தோன்றிச் சபையைச் சிரிக்க வைத்துவிட்டு அடுப்படிக்குத் திரும்பிப் போகும் நடிகையருக்கு அந்த வரலாற்றில் ஓர் அடிக்குறிப்புக் கிடைப்பதும் அரிது. பத்திரிகைத் தொழிலில் இருந்தவர்கள் இதனை நன்கறிவர். நட்சத்திரம் ஒருவர் மறைந்தால் முன்பக்கத்தில் படத்துடன் செய்தி. துணை நடிகை ஒருவர் மறைந்தால் உட்பக்கத்தில் நான்கு வரிகள். அத்தகைய நான்கு வரிகளை எழுதியவர்களில் நானும் ஒருவன்.

இத்தாலிய நடிகை ஆவே நின்கி 1997 நவம்பர் 10ஆம் திகதி திரியெஸ்தே நகரில் காலமானார். நூற்றை அண்மித்த திரைப்படங்களிலும், பின்னர் தொலைக்காட்சியிலும் நடித்தவர். இத்தாலிக்கு வெளியே அவரது பெயரை அறிந்தவர் மிகச் சிலரே. அவர் நடித்த படங்களைப் பார்த்தவர்களுக்குக்கூட அந்த முகம் நினைவில் நிற்குமே தவிர, பெயர் நிற்பதில்லை. ஆயினும், அவர் ஏற்ற வேடங்களைக் கால ஒழுங்கில் அடுக்கிப் பார்த்தால் இன்னொரு கதையும் தெரிய வருகிறது. யுத்தத்தில் நொறுங்கிய ஒரு நாடு பட்டினியிலிருந்து எழுந்து வயிறார உண்ணும் நாடாக மாறிய முப்பது ஆண்டுகளின் கதை அது. அதனை அவர் மேடையில் நின்று சொல்லவில்லை. சமையற்கட்டு வாசலில் நின்று சொன்னார்.

பண்ணை வீட்டு மனைவி

அத்திரியாத்திக் கடலோரத்துத் துறைமுக நகரான அங்கோனாவில், முதலாம் உலக யுத்தத்தின் ஆரம்ப காலத்தில் பிறந்தவர் ஆவே நின்கி. நடிப்பு அவரது குடும்பத்துக்குப் புதியதன்று. அன்னிபாலே நின்கி, கார்லோ நின்கி ஆகிய இரு நடிகர்களும் அவருக்கு ஒன்றுவிட்ட சகோதரர் முறையானவர்கள். முசோலினி ஆட்சியின் ஆதரவுடன் 1937இல் எடுக்கப்பட்ட பிரமாண்டமான சரித்திரப் படத்தில் ரோமானியத் தளபதி சிப்பியோவாக நடித்தவர் அன்னிபாலே. பின்னாளில், 1960இல் வெளிவந்த ஃபெல்லினியின் 'லா டோல்சே வீட்டா' திரைப்படத்தில் நாயகனின் தந்தையாக நடித்தவரும் அவரே.

ஆவே நின்கி ரோம் நகரிலே சில்வியோ தமிக்கோ நிறுவிய தேசிய நாடகக் கலைக்கழகத்தில் முறையாகப் பயின்றவர். இது கவனிக்கத்தக்கது. பிற்காலத்தில் அவருடன் இணைந்து நடித்துப் பெரும்புகழ் பெற்ற அல்டோ ஃபாப்ரீட்சியும் டோட்டோவும் கதம்ப மேடை நிகழ்ச்சிகளில் சனங்களின் கூச்சலுக்கு நடுவே தொழில் பழகியவர்கள். ஆவே நின்கியோ செந்நெறி நாடகப் பயிற்சியுடன் வந்தார். சிரிப்பு அவருக்கு வசனத்திலும் குரலிலும் பிறந்தது.

அவர் திரைக்கு வந்த ஆண்டு 1944. நேச நாட்டுப் படைகள் ரோம் நகருக்குள் நுழைந்த ஆண்டும் அதுவே. மூன்று ஆண்டுகளின் பின்னர் லூயிஜி சாம்பா நெறிப்படுத்திய 'விவெரே இன் பாச்சே' (சமாதானமாக வாழ்தல்) என்ற திரைப்படம் வெளியானது. மலைநாட்டுக் கிராமமொன்றிலே தின்யா என்ற விவசாயியின் வீட்டில், தப்பியோடி வந்த இரு அமெரிக்கப் போர்வீரர்கள் ஒளித்து வைக்கப்படுகிறார்கள். அவர்களில் ஒருவர் கறுப்பினத்தவர். ஊரிலே ஒரேயொரு ஜேர்மன் சிப்பாய் காவலுக்கு இருக்கிறான். தின்யாவாக ஃபாப்ரீட்சி, அவரது மனைவி கொரின்னாவாக ஆவே நின்கி.

ஓரிரவு அந்த ஜேர்மன் சிப்பாய் வீட்டுக்கு விருந்தாளியாக வந்து அமர்ந்துவிடுகிறான். நிலவறையில் ஒளிந்திருக்கும் அமெரிக்கர் அங்கிருந்த வைனைக் குடித்துப் போதை ஏறி, கதவை உடைத்துக்கொண்டு மேலே வருகிறார். எதிரிகள் இருவரும் நேருக்கு நேர். வீட்டார் மூச்சடக்கி நிற்கிறார்கள். இருவரும் சுட்டுக்கொள்ளவில்லை. போதையில் கட்டித் தழுவி, யுத்தம் முடிந்துவிட்டது என்று கூவியபடி வீதியில் இறங்குகிறார்கள். ஊரே அதை நம்பிக் கொண்டாடுகிறது. பொழுது விடிந்ததும் போதையுடன் நம்பிக்கையும் தெளிந்து, மரணபயம் திரும்புகிறது. முடிவில், பின்வாங்கும் ஜேர்மன் படையினரின் துப்பாக்கிக்குத் தின்யா பலியாகிறான்.

சிரிப்பும் மரணமும் ஒரே கூரையின் கீழ் இருக்கும் இந்தக் கதையில், சாதாரண மனிதரின் அச்சத்தைச் சுமப்பவர் மனைவியே. கணவன் இரக்கப்படுகிறான், அந்த இரக்கத்துக்கு வீட்டார் என்ன விலை கொடுக்க வேண்டிவரும் என்று கணக்குப் பார்ப்பவள் அவள். நல்லவர்களின் வீடுகளில் யாரேனும் ஒருவர் அந்தக் கணக்கைப் பார்த்தே ஆகவேண்டும். அவ்வாறு பார்ப்பவர் வெளியாருக்குச் சிடுமூஞ்சியாகவே தெரிவார். ஆவே நின்கி அந்தச் சிடுசிடுப்புக்குள் இருந்த பயத்தைக் காட்டினார். இத்தாலியத் திரைப்படப் பத்திரிகையாளர்கள் வழங்கும் வெள்ளி நாடா விருது, சிறந்த துணை நடிகைக்காக 1947இல் அவருக்குக் கிடைத்தது. அதே ஆண்டில் நியூயோர்க் திரைப்பட விமர்சகர்கள் இப்படத்தைச் சிறந்த வெளிநாட்டுப் படமாகத் தெரிவு செய்தனர்.

1947இன் இன்னொரு பாதை

அதே 1947ஆம் ஆண்டிலே மஜோரே ஏரிக்கரையிலுள்ள ஸ்த்ரேசாவில் 'மிஸ் இத்தாலியா' அழகுப் போட்டி நடைபெற்றது. வென்றவர் மிலான் நகரப் பலகாரக் கடையொன்றில் வேலை பார்த்த லூசியா போசே. மூன்றாமிடம் பெற்றவர் ஜீனா லொல்லோபிரிஜிடா. இரண்டாமிடம் பெற்ற ஜியான்னா மரியா கனாலேயும் திரைக்கு வந்தார். அந்த மேடையிலிருந்து படப்பிடிப்புத் தளத்துக்கு ஒரு நேர்பாதை போடப்பட்டது. 1952இல் வெளியான பிளாசெத்தியின் படமொன்றிலே, லொல்லோபிரிஜிடா ஏற்ற பாத்திரத்துக்காக வாதாடும் வழக்கறிஞராக வித்தோரியோ டி சிக்கா பேசிய வசனத்திலிருந்து, அந்த வகை நடிகையருக்கென ஒரு தனிச்சொல்லே பிறந்துவிட்டது. உடலழகு மிகுந்தோர் என்பது அச்சொல்லின் கருத்து.

ஒரே ஆண்டில் திறந்த இரு பாதைகளில் எது அகலமானது என்பதைச் சொல்லத் தேவையில்லை. முப்பத்திரண்டு வயதளவில் தேசிய விருது பெற்ற, நாடகக் கலைக்கழகத்தில் பயின்ற நடிகைக்குத் தொடர்ந்து கிடைத்தவை மனைவி, மாமி, விடுதிக்காரி வேடங்களே. 1950இல் வெளியான 'டோட்டோ செர்கா மோல்யே' (டோட்டோ பெண் தேடுகிறார்) என்ற நகைச்சுவைப் படம் இதற்கு நல்ல சான்று. அதிலே அவர் டோட்டோவின் மாமி அகாத்தா. டோட்டோ பிறந்தது 1898இல். தன்னிலும் பதினாறு, பதினேழு வயது மூத்தவருக்கு மாமியாக நடித்தார் ஆவே நின்கி! இரண்டு ஆண்டுகளின் பின்னர் 'டோட்டோ எ லே தொன்னே' (டோட்டோவும் பெண்களும்) படத்தில் அதே டோட்டோவுக்கு மனைவி. அந்தப் படத்தின் நாயகன், பெண்களின் தொல்லை தாங்காது வீட்டின் மேல்மாடிப் பரணில் ஒதுங்கிப் புலம்புபவன். புலம்பலுக்குக் காரணமாகக் காட்டப்படுபவர்களில் முதல்வர் இவரே.

தடித்த உடல், உரத்த குரல், அகன்ற முகம் ஆகியவை ஒரு பெண்ணுக்கு வாய்த்தால் சினிமா அவளுக்கு வயதைக் கூட்டிவிடும். ஃபாப்ரீட்சியும் பருத்த உடலினரே. அந்தப் பருமனை வைத்தே அவர் நாயகனானார், கதை எழுதினார், படங்களை நெறிப்படுத்தினார். ஆவே நின்கி அப்படங்களில் அவருடைய மனைவியானார். பருமன் இருவருக்கும் ஏறக்குறைய ஒன்றுதான். அதற்குக் கிடைத்த விலை ஒன்றாக இருக்கவில்லை.

கணவனைப் பின்தொடரும் சட்டம்

ஃபாப்ரீட்சியும் ஆவே நின்கியும் கணவன் மனைவியாக நடித்த படங்களை வரிசையாக நோக்குவது பயனுள்ளது. 'விவெரே இன் பாச்சே' முதலாவது. நாற்பதுகளின் இறுதியில் ஃபாப்ரீட்சியே நெறிப்படுத்திய 'எமிகிராந்தெஸ்' அடுத்தது. யுத்தத்துக்குப் பிந்திய ரோம் நகரில் வாழ வழியற்றுப்போன தொழிலாளி ஒருவன் குடும்பத்துடன் ஆர்ஜென்டீனாவுக்குக் கப்பலேறும் கதை அது. அக்காலத்தில் பல்லாயிரக்கணக்கான இத்தாலியர் தென்னமெரிக்காவுக்கும் அவுஸ்திரேலியாவுக்கும் பெல்ஜியச் சுரங்கங்களுக்கும் புறப்பட்டுக்கொண்டிருந்தார்கள்.

மனைவி கணவனுடன் கப்பலேறியது அன்பினால் மட்டுமன்று. 1942ஆம் ஆண்டின் இத்தாலியக் குடியியற் சட்டக்கோவையின்படி கணவனே குடும்பத் தலைவன். அவன் எவ்விடத்தில் வசிக்கத் தீர்மானிக்கிறானோ அவ்விடத்துக்கு உடன் செல்வது மனைவியின் கடமை. 1945இல் இத்தாலியப் பெண்கள் வாக்குரிமை பெற்று, 1946இல் மன்னராட்சியை அகற்றிய சர்வஜன வாக்கெடுப்பிலும் வாக்களித்தார்கள். நாட்டின் ஆட்சிமுறையைத் தீர்மானிக்கும் உரிமை கிடைத்தது. வசிக்கும் வீட்டைத் தீர்மானிக்கும் உரிமை மட்டும் 1975இல் குடும்பச் சட்டம் திருத்தப்படும்வரை கிடைக்கவில்லை. அக்கால நகைச்சுவைப் படங்களில் மனைவி ஏன் அவ்வளவு உரத்துச் சத்தமிடுகிறாள் என்பதற்கு இதில் ஒரு விடை இருக்கிறது. சட்டத்தில் குரலற்றவளுக்கு வீட்டில் உள்ள ஒரே ஆயுதம் வாய். சபையோர் சிரித்தது அந்த முரணைக் கண்டே எனலாம்.

1951இல் வெளிவந்த 'குவார்தியே எ லாத்ரி' (பொலிஸ்காரரும் கள்ளரும்) மோனிசெல்லியும் ஸ்டேனோவும் இணைந்து நெறிப்படுத்திய அருமையான படம். ரோம் நகரின் பழைய இடிபாடுகளுக்கிடையே அமெரிக்கர் ஒருவருக்குப் போலி நாணயத்தை விற்கிறான் டோட்டோ நடிக்கும் கள்ளன். அந்த அமெரிக்கரோ ஏழைகளுக்கு உதவிப் பொதிகள் வழங்க வந்த பிரமுகர். பொதி வாங்க வந்த இடத்தில் கள்ளன் பிடிபட, பருத்த பொலிஸ்காரரான ஃபாப்ரீட்சி துரத்துகிறார். இருவரும் ஓடிக் களைத்து, சிறிது தூரத்தில் அமர்ந்து மூச்சு வாங்கியபடி ஒருவரோடொருவர் பேரம் பேசும் காட்சி இத்தாலியர்கள் மறவாத காட்சி. கள்ளன் தப்பிவிடுகிறான். குறித்த காலத்துக்குள் அவனைப் பிடிக்காவிட்டால் பொலிஸ்காரரின் வேலை போய்விடும். ஆகவே அவர் தாம் யாரென்பதை மறைத்துக் கள்ளனின் குடும்பத்துடன் பழகத் தொடங்குகிறார். இரு குடும்பங்களும் உண்மையாகவே நட்பாகிவிடுகின்றன. இறுதியில் எல்லோரும் கூடி உண்ணவிருந்த நாளில் கள்ளன் அகப்படுகிறான். உணவு மேசையைச் சூழ்ந்திருப்பவர்களிடம் உண்மையைச் சொல்லாது, பயணம் போவதாகக் கூறி இருவரும் வெளியேறுகிறார்கள். மனம் கேளாமல் தயங்கும் பொலிஸ்காரரைக் கள்ளனே சிறைக்கு இழுத்துச் செல்கிறான்! 1952இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த திரைக்கதைக்கான விருது இப்படத்துக்காகப் பியேரோ தெல்லினிக்குக் கிடைத்தது.

ஆவே நின்கி இதில் பொலிஸ்காரரின் மனைவி ஜியோவன்னா. நடப்பது எதுவும் அவளுக்குத் தெரியாது. அவளும் கள்ளனின் மனைவியும் பேசுவதெல்லாம் பிள்ளைகளும் சாப்பாடும் செலவுமே. பொலிஸ்காரரின் வீட்டுக்கும் கள்ளனின் வீட்டுக்கும் இடையே சட்டம் ஒரு கோட்டைக் கீறியிருக்கிறது. பெண்கள் இருவரும் அக்கோட்டைக் காணாமலே கடந்துவிடுகிறார்கள். இந்தப் படத்தின் அறம் அங்கேதான் இருக்கிறது.

திரையில் காட்டப்பட்ட வறுமை கற்பனையன்று. 1951-52இல் இத்தாலியப் பாராளுமன்றம் எத்சியோ விகொரெல்லி தலைமையில் வறுமை பற்றிய விசாரணைக் குழுவொன்றை அமைத்தது. இறைச்சியோ சீனியோ வாங்குவதே இல்லாத குடும்பங்கள் எட்டு இலட்சத்துக்கும் அதிகம் என்பதை அந்த விசாரணை வெளிக்கொணர்ந்தது. விசாரணை நடந்த அதே காலத்திலேதான் ஃபாப்ரீட்சி - நின்கி இணையின் 'லா ஃபமீல்யா பஸ்ஸகுவாய்' என்ற கேலிப்படமும், 1952இல் அதன் தொடர்ச்சியாக மேலும் இரண்டும் வெளியாயின. முதற்படத்தின் கதை, ரோம் நகரத்து நடுத்தரக் குடும்பமொன்று ஞாயிற்றுக்கிழமையில் கடற்கரைக்குப் போய்வருவது மாத்திரமே. கையிலே பெரியதொரு வத்தகப்பழம். கூடை நிறையச் சாப்பாடு. நெரிசலில் படும் அவதி. பட்டினி கிடந்த சபையோருக்குக் கடற்கரை உல்லாசம் ஒரு வாக்குறுதியாகத் தெரிந்திருக்க வேண்டும். மூன்றாவது படத்தில் மனோவசியத்துக்கு ஆளான கணவன் தன்னைப் பெண்ணாக நினைத்துக்கொள்கிறான். வீட்டுவேலை செய்யும் ஆண் என்ற எண்ணமே அன்று ஒரு படத்துக்குப் போதுமான பகிடியாக இருந்தது.

பிறநாட்டாரின் படங்களில்

பிரெஞ்சு நெறியாளர்களும் அவரைத் தேடி வந்தார்கள். ஜெனோவாத் துறைமுகத்தில் எடுக்கப்பட்ட ரெனே கிளெமோவின் படத்தில் 1949இலேயே ஜான் கபேன், ஈசா மிராண்டா ஆகியோருடன் அவர் நடித்தார். ஒஸ்கார் குழுவினர் அப்படத்தைச் சிறந்த வெளிநாட்டுப் படமாகக் கௌரவித்தனர். 1960இல் அலென் டெலோன் நடித்த கிளெமோவின் 'ப்ளேன் சொலெய்' படத்திலும் அவருக்குச் சிறுவேடமொன்று உண்டு. 1971இல் லூயி மல் நெறிப்படுத்திய 'லெ சூஃப்ள் ஒ கேர்' திரைப்படத்தில், 1954ஆம் ஆண்டின் டிஜோன் நகரத்துச் செல்வக் குடும்பமொன்றின் பணிப்பெண் அவுகுஸ்தாவாக வந்தார். அந்த வீட்டின் எசமானியும் இத்தாலியப் பெண்ணே. லெயா மஸ்ஸாரி அதை நடித்தார். ஒரே நாட்டிலிருந்து வந்த இரு பெண்களில் ஒருத்தி கூடத்தில், மற்றவள் சமையலறையில். உலகத் திரைப்பட வரலாற்றில் இடம்பெற்ற மூன்று படங்கள். மூன்றிலும் அவரது பெயர் உள்ளது.

ஏழு மணிக்குச் சாப்பாட்டு மேசை

இத்தாலிய அரச நிறுவனமான ராய் 1954 ஜனவரி 3ஆம் திகதி முறையான தொலைக்காட்சி ஒளிபரப்பை ஆரம்பித்தது. சில ஆண்டுகளில் நாட்டின் பொருளாதாரம் வியக்கத்தக்க வேகத்தில் வளர்ந்தது. தொழிற்சாலைகளும் சிறுகார்களும் குளிர்பதனப் பெட்டிகளும் பெருகின. திரையில் அழகியரின் காலம் உச்சத்திலிருந்தது. ஆனால் வீட்டின் இருப்பறைக்குள் வந்து அமரும் தொலைக்காட்சிக்கு வேறுவித முகங்கள் தேவைப்பட்டன. பார்ப்பவர்கள் தம் வீட்டாராகவே எண்ணக்கூடிய முகங்கள் அவை. சினிமா வயதைக் கூட்டி ஒதுக்கிய பெண்ணுக்கு இங்கே இடமிருந்தது.

1971இல் 'ஸ்பெச்சாலே பெர் நோய்' என்ற பல்சுவை நிகழ்ச்சியை நெறிப்படுத்திய அந்தொனெல்லோ ஃபல்குயி, ஃபாப்ரீட்சி, பாவுலோ பனெல்லி, பீச்சே வலோரி ஆகியோருடன் ஆவே நின்கியையும் முன்னிறுத்தினார். இளமையும் மெல்லிடையும் கோலோச்சிய தொலைக்காட்சியில், இளமை கடந்த நால்வர் ஆடியும் பாடியும் தம்மைத் தாமே பகிடி செய்தார்கள். இருபது ஆண்டுகளுக்கு முன் கணவன் மனைவியாகச் சண்டையிட்ட இருவரும் இங்கே சரிநிகராக நின்றார்கள் என்பது குறிப்பிடத்தக்கது.

எழுபதுகளின் நடுப்பகுதியில் 'ஆ தாவொலா ஆல்லே செத்தே' (ஏழு மணிக்குச் சாப்பாட்டு மேசையில்) என்ற சமையல் நிகழ்ச்சியை, வைன் பற்றியும் உணவு பற்றியும் எழுதிப் பெயர்பெற்ற லூயிஜி வெரொனெல்லியுடன் இணைந்து நடத்தினார். அவர் நுண்சுவை அறிந்த அறிஞர். இவர் அடுப்படி அனுபவத்தின் குரல். இன்று உலகெங்கும் மலிந்துகிடக்கும் சமையல் நிகழ்ச்சிகளுக்கு இத்தாலியில் வழிகாட்டியவற்றுள் இதுவும் ஒன்று.

அந்நிகழ்ச்சி ஒளிபரப்பான காலத்தையும் நோக்க வேண்டும். 1973இன் எண்ணெய் நெருக்கடியை அடுத்து, அவ்வாண்டு டிசம்பர் 2ஆம் திகதி முதல் இத்தாலியில் ஞாயிற்றுக்கிழமைகளில் தனியார் கார்கள் ஓடுவது தடை செய்யப்பட்டது. வளர்ச்சிக் காலம் முடிந்து சிக்கனக் காலம் தொடங்கியிருந்தது. 1974 மேயில் விவாகரத்துச் சட்டத்தை நீக்குவதா என்ற சர்வஜன வாக்கெடுப்பில் பெரும்பான்மையோர் நீக்க வேண்டாமென வாக்களித்தனர். அடுத்த ஆண்டில் குடும்பச் சட்டம் திருத்தப்பட்டு, கணவனும் மனைவியும் சம உரிமையுடையோர் ஆயினர். திரையில் கால் நூற்றாண்டாக மனைவி வேடம் பூண்ட நடிகை, மனைவி என்ற சொல்லின் சட்டப் பொருளே மாறிக்கொண்டிருந்த அந்நாட்களில், யாருடைய மனைவியாகவும் இன்றித் தமது சொந்தப் பெயரில் மேசையின் தலைமாட்டில் அமர்ந்திருந்தார்.

இன்னுமொன்று. இத்தாலியில் வர்ணத் தொலைக்காட்சி ஒளிபரப்பு 1977இலேயே முறையாக ஆரம்பமாயிற்று. ஆகவே அவர் சமைத்த காலத்தில் தக்காளிக் குழம்பும் கறுப்பு-வெள்ளை, ஒலிவ் எண்ணெயும் கறுப்பு-வெள்ளை. மணமுமில்லை, நிறமுமில்லை. பார்ப்பவரின் நாவில் நீர் ஊற வைக்க அவரிடம் இருந்தவை முகமும் குரலுமே. நாடகக் கலைக்கழகத்தில் கற்ற கலை கடைசியில் ஒரு சட்டி குழம்பை நம்ப வைக்க உதவியது. அதை இழிவான பயன் என்று நான் கருதவில்லை.

ஃபாப்ரீட்சி 1990இல் மறைந்தார். டோட்டோ 1967இலேயே மறைந்திருந்தார். அவர்களைப் பற்றி நூல்கள் பல உண்டு. அந்நூல்களில் ஆவே நின்கியின் பெயர் 'மனைவியாக நடித்தவர்' என்ற குறிப்புடன் வந்து போகிறது. நானும் முன்பு 'குவார்தியே எ லாத்ரி'யைப் பார்த்தபோது, சிறைக்கு நடந்து போகும் இருவரையே பார்த்துக்கொண்டிருந்தேன். பின்னொருமுறை பார்த்தபோதுதான், கதவு சாத்தப்பட்ட பின் அந்த வீட்டில் எஞ்சியிருப்பவர்களைப் பற்றி நினைக்கத் தோன்றியது. ஆண்கள் இருவரும் தங்கள் மனச்சாட்சியோடு போய்விட்டார்கள். மேசையில் சாப்பாடு இருக்கிறது, பிள்ளைகளுக்குப் பசி. யாரோ ஒருவர் எழுந்து பரிமாற வேண்டும்.

முப்பது ஆண்டுகளாக அவ்வாறு எழுந்து பரிமாறியவர் ஆவே நின்கி. அவருக்கு நான்கு வரிகள் போதா.